சிமியோன் சமன் என்று சொன்ன ஆட்டம்

குருநகர்ச் சிமியோனுக்கு இருந்த ஆசை ஒன்றே ஒன்றுதான். ஒரு கிராண்ட் மாஸ்டருக்கு முன்னால் உட்கார்ந்து செஸ் ஆடித் தோற்க வேண்டும். வெல்ல அல்ல, தோற்க.

"வெல்லுறதெண்டு சொன்னால் அது விசர்க்கதை அண்ணை. தோக்கலாம். ஆனா நாள் முழுக்க நிண்டுபிடிச்சுத் தோக்கவேணும். அந்த மனிசன் ஒருக்காலாவது தலையைச் சொறியவேணும். அது காணும்" என்பான்.

ஊரில் ஒருவன் கனடாவுக்குப் போக ஆசைப்பட்டான், இன்னொருவன் கல்வீடு கட்ட ஆசைப்பட்டான். இவன் தோற்பதற்கு ஆசைப்பட்டான். அதையும் இந்த நாடு அவனுக்குக் கொடுக்கவில்லை. உலகத்துக் கிராண்ட் மாஸ்டர்களின் சரித்திரத்தை எழுத எத்தனையோ பேர் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவரோடும் ஆடக் கிடைக்காத இவனைப் பற்றி எழுத ஒருவரும் இல்லை. அதனால் வெங்காயமும் புகையிலையும் நட்டுப் பிழைக்கும் இணுவில் மார்க்கண்டுவாகிய நான் எழுதுகிறேன். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். பொறுக்காவிட்டாலும் எனக்குக் கவலையில்லை.

எண்பத்து மூன்று தொடக்கத்தில் யாழ்ப்பாணப் பட்டணத்தில் நடந்த ஒரு போட்டியில்தான் அவனை முதலில் கண்டேன். எங்கள் வாசிகசாலையில் என்னை வெல்ல ஆளில்லை என்ற தலைக்கனத்தோடு போயிருந்தேன். இவன் கடலிலிருந்து நேரே வந்தவன் போல, உப்புக் காய்ந்த சேர்ட்டோடு எதிரே வந்து இருந்தான். இருபது வயது இருக்கும். தேத்தண்ணி ஆறுவதற்குள் என்னைத் தோற்கடித்துவிட்டான். எனக்கு வந்த கோபத்தில் வெளியே வந்து, "மீன் மணம் தாங்கேலாமல்தான் தோத்தனான்" என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன். அவனுக்கும் கேட்டது.

அடுத்த ஞாயிறு பூசை முடிந்த கையோடு சைக்கிளில் இணுவிலுக்கு வந்து என் வாசலில் நின்றான். வெள்ளைச் சேர்ட், முகமெல்லாம் பவுடர்.

"இண்டைக்கு மணமில்லை அண்ணை. இன்னொருக்கா விளையாடிப் பாப்பமோ?"

விளையாடினோம். மறுபடியும் தோற்றேன். என் மனைவி குணலட்சுமி சிரித்த சிரிப்பில் அடுப்பில் இருந்த பால் பொங்கி வழிந்தது. அன்று தொடங்கிப் பத்து வருஷம், ஊரடங்கோ ஷெல்லடியோ இல்லாத ஒவ்வொரு ஞாயிறும் அவன் வந்தான்.

எங்கள் ஒழுங்கையில் சிலருக்கு அது பிடிக்கவில்லை. மீன்பிடிக்கிற கரையூரான் ஒருவனை மார்க்கண்டு விறாந்தையில் ஏற்றி இருத்துகிறான் என்று வேலிக்கு மேலால் கதைத்தார்கள். "உங்களிலை ஆராவது ஒருத்தர் என்னை ஒழுங்கா வெல்லுங்கோ, உங்களையும் ஏத்தி இருத்திறன்" என்றேன். அதோடு வாய் மூடினார்கள்.

சிமியோனின் தகப்பன் கடலுக்குப் போய்த் திரும்பாதவர். தாய் கத்தரீனா நோயாளி. இவன் ஒரே பிள்ளை. எண்பத்து மூன்று ஆடிக் கலவரத்தில் கொழும்பு எரிந்த பிறகு அந்தப் பக்கத்துப் போட்டிகள் அவனுக்கு இல்லாமல் போயின. பிறகு கடலிலும் நேவியின் தடை வந்தது. ஆழக்கடலுக்குப் போனவன் முழங்கால் தண்ணீரில் வலை வைக்கும்படி ஆயிற்று. ஆனாலும் வாயில் கிராண்ட் மாஸ்டர்கள்தான். சின்ன வயதில் கோயிலில் அர்ச்சிஷ்டவர்களான புனிதர்களின் சரித்திரம் கேட்டு வளர்ந்தவன் அல்லவா, இவர்களுடைய சரித்திரத்தையும் அதே குரலில்தான் சொல்வான். கியூபாவின் கப்பபிளாங்கா நாலு வயதில் தகப்பன் விளையாடுவதைப் பார்த்தே பழகியது, தாயையும் தகப்பனையும் இழந்து தெருக் கூட்டிப் பிழைத்த பெத்ரோசியன் உலகச் சம்பியன் ஆனது, ரீகா நகரத்து மிகையில் தால் வலது கையில் மூன்றே விரலோடும் பழுதான சிறுநீரகத்தோடும் எல்லோரையும் கலங்கடித்தது, எல்லாம் அவனுக்கு மனப்பாடம். தால் என்றால் அவனுக்கு உயிர். கையெடுத்துக் கும்பிடாத குறை.

மதராசில் ஆனந்த் என்ற பதினெட்டு வயதுப் பெடியன் கிராண்ட் மாஸ்டர் ஆன செய்தி ரேடியோவில் வந்தபோது இவன் ஞாயிறு வரை பொறுக்கவில்லை. வேலை நாளில் தோட்டத்துக்குள் ஓடிவந்தான்.

"அண்ணை, தமிழன்! கடலுக்கு அங்காலை! இஞ்சை நிண்டு கூப்பிட்டாக் கேக்கிற தூரம்!"

"கூப்பிட்டுப் பாரன். நேவிக்காரன்தான் வருவான்" என்றேன். சிரித்தான். ஆனால் அன்று வெங்காயத் தறைக்குள் அவன் நின்ற நிலையைப் பார்த்து என் மண்வெட்டியை நிறுத்தினேன். இந்தப் பெடியனுக்கு இது கிடைக்கவேண்டும் பிள்ளையாரே என்று அன்றைக்கே வேண்டிக்கொண்டேன்.

தொண்ணூற்றிரண்டில் கிடைக்கும் போலவும் இருந்தது. கொழும்பில் தேசிய அணிக்கான தெரிவுப் போட்டி. முன்னுக்கு வருகிறவர்கள் அந்த ஆனியில் மணிலாவில் நடக்கும் ஒலிம்பியாட்டுக்குப் போவார்கள். அங்கே நூறு நாடுகள் வரும், மேசைக்கு மேசை கிராண்ட் மாஸ்டர்கள் இருப்பார்கள். பங்குச் சுவாமி கொழும்பில் தெரிந்தவர்களைப் பிடித்து இவனுக்கு ஒரு இடம் எடுத்துக் கொடுத்தார்.

அப்போது குடாநாடு இயக்கத்தின் கையில் இருந்தது. வெளியே போவதென்றால் அவர்களின் பாஸ் எடுக்க வேண்டும். பாஸ் எடுக்க, காணி பூமி உள்ள ஒருவர் பிணை நிற்க வேண்டும். போனவர் குறித்த நாளில் திரும்பி வராவிட்டால் பிணை நின்றவரைக் கூட்டிக்கொண்டு போய் வைத்திருப்பார்கள். சிமியோனுக்கு யார் இருந்தார்கள்? படுக்கையில் கிடக்கும் தாயும் ஓட்டை வள்ளமும்தான். நான் போய்க் கையெழுத்து வைத்தேன். பதினைந்து நாள் பாஸ் கொடுத்தார்கள்.

குணலட்சுமி பயந்துவிட்டாள். "கொழும்புக்குப் போன பெடியள் ஆரப்பா திரும்பி வந்தவை?"

"வராட்டில் வராமல் இருக்கட்டும். நான் அங்கை இருந்து சாப்பிடுறன். உன்ரை சமையலிலையிருந்து ஒரு ஓய்வு" என்றேன். அவள் மூன்று நாள் என்னோடு கதைக்கவில்லை.

புறப்படும்போது சிமியோனிடம் ஒன்றே ஒன்றுதான் சொன்னேன். "டேய், பலகையைப் பாத்து விளையாடு. கலண்டரைப் பாத்து விளையாடாதை."

"ஓம் அண்ணை" என்றான். கடலேரியைப் படகில் கடந்து, வவுனியாவுக்குப் போய், அங்கிருந்து ரயிலேறிப் போனான்.

பிறகு ஒரு செய்தியும் இல்லை. எங்களுக்குக் கரண்ட் இல்லை, ரெலிபோன் இல்லை, ரேடியோவுக்குப் பற்றரியும் இல்லை. சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில்தான் ரேடியோ கேட்போம். கை விட்டுப்போகும்வரை சுற்றினேன். எங்கே யார் செத்தார்கள் என்று சொன்னார்களே தவிர, செஸ் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை.

பாஸ் முடிகிற நாளுக்கு முதல் நாள் பகல், நான் துலாவில் தண்ணீர் இறைத்துக்கொண்டு நின்றேன். மண்ணெண்ணெய் இல்லாமல் இறைப்பு மெஷின் மூலையில் கிடந்த காலம் அது. படலை திறந்த சத்தம் கேட்டுத் திரும்பினால் சிமியோன். முழங்கால் வரை சேறு. தன் வீட்டுக்கும் போகாமல் நேரே வந்திருக்கிறான்.

"வந்திட்டன் அண்ணை."

"வெண்டியோ?"

"இல்லை."

கிணற்றுக் கட்டில் இருந்து கொண்டு மெதுவாகச் சொன்னான். கடைசிச் சுற்று வரை நன்றாகத்தான் ஆடியிருக்கிறான். கடைசி ஆட்டத்தை வென்றால் அணியில் இடம். சமனானால் இல்லை. ஐந்து மணி நேரம் ஆடி, பலகையில் இரண்டு அரசர்களும் சில சிப்பாய்களும் மட்டுமே மிஞ்சிய நிலையில் நேரம் முடிந்துவிட்டது. விதிப்படி ஆட்டத்தை நிறுத்தி வைத்துப் பிறகு தொடர வேண்டும். இடையில் பௌர்ணமிக்கு விடும் போயா விடுமுறை வந்ததால் இரண்டு நாள் தள்ளிப் போட்டார்கள்.

"ரெண்டு நாள் நிண்டிருந்தால் பாஸ் முடிஞ்சிருக்கும். அதுதான் எனக்குத் தோல்வி எண்டு எழுதச் சொல்லிப்போட்டு வந்திட்டன். நில்லும், வெல்லுற ஆட்டம் எண்டு எல்லாரும் சொல்லிச்சினம்."

நான் துலாக் கயிற்றை விட்டுவிட்டேன். வாளி கழன்று கிணற்றுக்குள் போய் விழுந்தது.

"உன்னை ஆரடா வரச்சொன்னது? பத்து வருஷமா என்ரை காதைத் திண்டனி, கிராண்ட் மாஸ்டர் கிராண்ட் மாஸ்டர் எண்டு! கைக்கெட்டினதை விட்டிட்டு வந்து நிக்கிறாய்! மோட்டு மனிசன்! என்னைப் பிடிச்சாப் பிடிக்கட்டுமே! ரெண்டு நாள்! ரெண்டு நாளிலை என்னை உரிச்சோ போடப்போகினம்?"

வாயில் வந்ததையெல்லாம் சொல்லித் தீர்த்தேன். குணலட்சுமி குசினி வாசலில் நின்று சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தாள். அவன் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "வாளியை எடுத்துத் தரட்டோ அண்ணை?" என்றான். கிணற்றில் இறங்கி எடுத்தும் கொடுத்தான்.

அடுத்த நாள் பிணையை நீக்க இருவருமாகப் பாஸ் கந்தோருக்குப் போனோம். வாசலில் ஒரு பெண் சோற்றுப் பார்சலோடு குந்தியிருந்தாள். யாருக்கு என்று கேட்டேன். மனுசனுக்கு என்றாள். தம்பிக்குப் பிணை நின்றவராம். தம்பி திரும்பவில்லை. மனுசனை உள்ளே எடுத்து ஒரு மாதத்துக்கு மேல். முகத்தைக் காட்டுகிறார்கள் இல்லை, பார்சலை மட்டும் வாங்குகிறார்கள் என்றாள். சிமியோன் என்னைப் பார்க்காமல் மதிலைப் பார்த்துக்கொண்டு நின்றான். முதல் நாள் அவனைப் பேசிய நான், திரும்பி வரும் வழியில் அவனுக்கு ஒரு தேத்தண்ணி வாங்கிக் கொடுத்தேன்.

ஆனியில் மணிலாவில் ஒலிம்பியாட் நடந்தது. நாங்கள் அதைப் பற்றிக் கதைக்கவில்லை. அந்த மாதக் கடைசியில் தால் செத்துப்போன செய்தி வந்தது. நான்தான் பெடல் சுற்றிக்கொண்டிருந்தேன். அவன் எழுந்து போய் வேலியடியில் நின்றான். அடுத்த கிழமை பங்குச் சுவாமியிடம் போய் இறந்த ஆத்துமாவுக்குப் பூசை கேட்டிருக்கிறான். "ஆர் இந்த மிகையில்?" என்று சுவாமி கேட்க, "சொந்தக்காரர் சுவாமி" என்று சொல்லியிருக்கிறான். கடலில் செத்த குருநகர்க்காரர்களின் பேர்களோடு தாலின் பேரையும் சுவாமி பூசையில் வாசித்தார். இதைச் சொல்லிவிட்டு அவன் சிரித்தான். நானும் சிரித்தேன். பிறகு இருவரும் அழுதோம்.

எனக்கு அந்த நிறுத்தி வைத்த ஆட்டம் தொண்டையில் முள்ளாக நின்றது. நான் விடாப்பிடியாகக் கேட்க, அவன் ஒரு நாள் அந்த நிலையைப் பலகையில் வைத்துக் காட்டினான். அன்றிலிருந்து எனக்கு ஒரே வேலை. அது வெல்லுகிற ஆட்டம் இல்லை என்று காட்ட வேண்டும். நின்றிருந்தாலும் சமன்தான், ஒன்றும் கெட்டுப்போகவில்லை என்று ஆகிவிட்டால் நான் சோறு தின்னலாம், நித்திரை கொள்ளலாம். பகலில் வெங்காயத்துக்குக் களை பிடுங்கும்போதும் அதே நினைவு. ஞாயிறுகளில் அவனுக்கு எதிரே ஆடிய கொழும்புக்காரனின் பக்கத்தை நான் ஆடுவேன். சிமியோன் தன் பக்கத்தை ஆடுவான். மழைக்காலம் வரை நான்தான் தோற்றேன்.

கடைசியில் ஒரு வழி கண்டுபிடித்தேன். என் அரசனை இரண்டே கட்டங்களில், அங்கே ஒரு அடி, இங்கே ஒரு அடி என்று நகர்த்திக்கொண்டு நிற்பது. அவனுடைய அரசன் நேரே உள்ளே வந்தால் நான் சரியான கட்டத்தில் நின்று மறிப்பேன். அந்த ஞாயிறு அவன் நேரே வந்தான். மறித்தேன். திரும்பிப் போய் மறுபடி வந்தான். மறித்தேன். மூன்றாம் முறையும் அப்படியே. அவன் பலகையைக் கனநேரம் பார்த்துக்கொண்டிருந்தான். தன் அரசனைத் தொட்டான், எடுக்காமல் விட்டான்.

"ஓம் அண்ணை. சமன்தான். நிண்டிருந்தாலும் ஒண்டும் வந்திருக்காது."

"பாத்தியோ! நான் சொன்னனான்!" என்று துள்ளினேன். குணலட்சுமியைக் கூப்பிட்டு அவளுக்கு விளங்காத பலகையைக் காட்டி விளக்கினேன். அவள் பாயாசம் காய்ச்சினாள். சிமியோன் இரண்டு கோப்பை குடித்தான். அன்றிரவு நான் பிரேதம் போல நித்திரை கொண்டேன்.

அதற்குப் பிறகு அவன் கிராண்ட் மாஸ்டர்களின் கதை சொல்வதை விட்டுவிட்டான். வருவான், ஆடுவான், போவான். நான் தாலைப் பற்றிக் கேட்டால், "அதெல்லாம் பழைய கதை அண்ணை" என்பான். ஆசை ஆறிவிட்டது, நல்லதுதான் என்று நினைத்துக்கொண்டேன்.

தொண்ணூற்று மூன்று கடைசியில், வலை வைக்கப் போனவனின் காலில் திருக்கை முள்ளு ஏறியது. அது மீனவனுக்குப் புதிதல்ல. சுடுதண்ணி வைத்தான், மஞ்சள் கட்டினான். புண்ணுக்குள்ளால் ஏறி உடம்பை விறைக்க வைக்கும் ஏற்புவலி பிடித்துவிட்டது. அதற்குப் போடுகிற ஊசிமருந்து அந்த நாளில் குடாநாட்டில் எங்கும் இல்லை. கப்பல் வந்தால் வரும் என்றார்கள். நான் போனபோது தாடை இறுகிப் பேச்சில்லை. கண்கள் மட்டும் என்னைப் பார்த்தன. கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். முப்பத்தொரு வயது. கத்தரீனா அம்மா மகனுக்குப் பிறகு ஆறு கிழமை இருந்தார்.

தொண்ணூற்றைந்து ஐப்பசியில் ஆமி முன்னேறி வர, வலிகாமம் முழுக்க ஒரே நாளில் எழும்பி நடந்தது. மழைக்குள் செம்மணி தாண்டி, நானும் குணலட்சுமியும் மீசாலையில் ஒரு பள்ளிக்கூடத்தில் ஒதுங்கினோம். ஒரு வகுப்பறைக்குள் பல குடும்பங்கள். எங்கள் பக்கத்தில் கனகாம்பிகை ரீச்சர், கொக்குவிலில் கணக்குப் படிப்பித்தவர், தகப்பனோடு இருந்தார். என் மூட்டைக்குள் செஸ் பலகையைக் கண்டுவிட்டு, தானும் படிக்கிற காலத்தில் விளையாடியதாகச் சொன்னார். பொழுது போக வேண்டுமே, விளையாடினோம். கெட்டிக்காரி.

ஒரு நாள் எனக்குப் பெருமை பிடித்துக்கொண்டது. சிமியோனின் அந்த நிலையைப் பலகையில் வைத்தேன். கொழும்பில் நடந்ததையும் சொன்னேன்.

"எல்லாரும் வெல்லுற ஆட்டம் எண்டவை. சமன் எண்டு கண்டுபிடிச்சது நான். முடிஞ்சால் வெல்லுங்கோ பாப்பம், ரீச்சர்."

அவர் நேரே வந்தார், நான் மறித்தேன். அவர் ஒரு கணம் யோசித்துவிட்டுத் தன் அரசனைப் பின்னுக்கு ஒரு அடி எடுத்தார். பிறகு பக்கத்துக்கு ஒரு அடி. பிறகு பழைய கட்டத்துக்கே வந்தார். மூன்று அடியில் ஒரு சுற்று. எனக்கு இருப்பதோ இரண்டே கட்டங்கள். அவர் திரும்பி வந்து நின்றபோது என் அரசன் பிழையான கட்டத்தில் நின்றான். நகரும் முறையும் என்னுடையது. எங்கே நகர்ந்தாலும் வழி விட வேண்டும். விட்டேன். கொஞ்ச நேரத்தில் அவருடைய சிப்பாய் அரசியாகிவிட்டது.

மறுபடியும் வைக்கச் சொன்னேன். மறுபடியும் அதே.

"உங்களுக்கு உது எப்பிடித் தெரியும்?" என்று கேட்டேன்.

"இது எல்லாரும் முதல்லை பழகிறதுதானே, ஐயா. ஒரு முறையைச் செலவழிக்கச் சுத்திப் போறது. பெரிய ஆக்களின்ரை ஆட்டங்களைப் பாத்தவைக்குத் தண்ணிபட்ட பாடு."

"சிமியோனுக்குத் தெரியேல்லை. என்னோடை அவன் சுத்தேல்லை. நேரைதான் வந்தவன்."

அவர் பலகையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். சொல்ல வேண்டாம் என்று நினைத்திருப்பார் போல. ஆனாலும் சொன்னார்.

"இந்த நிலைக்கு ஆட்டத்தைக் கொண்டு வந்தவருக்கு இது தெரியாமல் இராது, ஐயா. இதை நம்பித்தான் இஞ்சை வந்திருக்கிறார்."

எனக்கு அந்த ஞாயிறு கண்ணுக்குள் வந்தது. அவன் அரசனைத் தொட்டதும், எடுக்காமல் விட்டதும், ஓம் அண்ணை சமன்தான் என்றதும். நான் துள்ளினேன். பாயாசம் குடித்தேன். அவன் இரண்டு கோப்பை குடித்தான்.

கொழும்பில் என் உடம்புக்காக விட்டான். என் விறாந்தையில் என் நித்திரைக்காக விட்டான். ஒரே ஆட்டத்தை எனக்காக இரண்டு தரம் விட்டுக்கொடுத்திருக்கிறான். வெல்லத் தெரிந்ததைத் தெரியாதவன் போல வைத்துக்கொண்டு, இன்னும் ஒரு வருஷம் ஞாயிறு தவறாமல் என் முகத்துக்கு நேரே வந்து இருந்திருக்கிறான்.

குணலட்சுமி சோறு கொண்டுவந்து வைத்தாள். ஏன் சாப்பிடவில்லை என்று கேட்டாள். அவளுக்கு என்னத்தைச் சொல்ல? டேய் சிமியோன், நீ வெண்டிருந்தால் நான் தாங்கியிருப்பனடா.